அடுத்த மாதமும் மாத்திரை இருக்குமா?

மாத்திரையின் நிறம் மாறிவிட்டால் எங்கள் பக்கத்துப் பாட்டிகள் லேசில் வாங்கிக்கொள்ள மாட்டார்கள். "இது எங்க மாத்திர இல்லம்மா, போன மாசம் குடுத்தது ரோஸ் கலரு" என்று மருந்து கொடுக்கிற ஜன்னலை விட்டு நகராமல் நிற்பார்கள். டெண்டர் இந்த முறை வேறு கம்பெனிக்குப் போயிருக்கிறது, மருந்து அதே மருந்துதான், அளவும் அதே அளவுதான் என்று நிதானமாகச் சொல்ல வேண்டும். பின்னால் நிற்கிற வரிசை முணுமுணுக்கும். ஆனாலும் சொல்லித்தான் ஆக வேண்டும். எழுத்துப் படிக்கத் தெரியாதவருக்கு நிறமும் உருவமும்தான் மருந்துக்கு அடையாளம். அதைப் புரிந்துகொள்ளாமல் அட்டையைக் கையில் திணித்து அனுப்பினால், அது வீட்டு மாடத்திலேயே கிடக்கும். அடுத்த முறை வரும்போது ரத்தக் கொதிப்பு எக்கச்சக்கமாக ஏறியிருக்கும்.

நான் மருந்தாளுநர். அரசாங்க ஏட்டில்தான் அந்தப் பெயர். வந்துபோகிற ஜனங்களுக்கு என்றைக்கும் கம்பவுண்டர் அம்மா. டி.ஃபார்ம் முடித்து 1980களின் கடைசியில் வேலைக்குச் சேர்ந்தேன். பணிக்காலத்தில் பெரும்பகுதி ஜவ்வாது மலை அடிவாரத்து ஆரம்ப சுகாதார நிலையங்களில் கழிந்தது. இப்போது ஓய்வு பெற்றுவிட்டேன். ஒவ்வொரு வருடமும் டிசம்பர் 12ஆம் தேதியை அனைவருக்கும் மருத்துவம் என்கிற நோக்கத்துக்கான உலக நாளாகக் கொண்டாடுகிறார்கள். அன்றைக்குப் பத்திரிகைகளில் வருகிற கட்டுரைகளை ஒன்று விடாமல் படிப்பேன். புது ஆஸ்பத்திரிக் கட்டடம், காப்பீட்டு அட்டை, ரோபோ அறுவை சிகிச்சை என்று நிறைய இருக்கும். என் ஜன்னலில் நின்றவர்கள் திரும்பத் திரும்பக் கேட்ட கேள்வி மட்டும் அவற்றில் அபூர்வமாகத்தான் வரும். "அடுத்த மாசமும் இருக்குமாம்மா?" என்பதுதான் அந்தக் கேள்வி.

இந்தக் கேள்விக்கு "இருக்கும்" என்று பயமில்லாமல் சொல்ல முடிகிற நாட்டில்தான் எல்லோருக்கும் மருத்துவம் கிடைக்கிறது என்பது என் எண்ணம். அப்படிச் சொல்லவைக்கிற பொறுப்பு அரசாங்கத்தைத் தவிர வேறு யாராலும் சுமக்க முடியாதது. ஏன் அப்படிச் சொல்கிறேன் என்பதை நான் பார்த்த வேலையை வைத்தே விளக்குகிறேன்.

நான் சேர்ந்த புதிதில் மாத்திரைகள் ஆயிரம் ஆயிரமாகத் தகர டின்களில் வரும். டின்னை ஒரு தடவை திறந்துவிட்டால் போதும், மழைக்காலத்தில் ஈரம் ஏறி ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்ளும். இரும்புச்சத்து மாத்திரையின் மேல்பூச்சு கரைந்து கையெல்லாம் கறையாகும். மாத்திரைகளைக் கையால் எண்ணி, பழைய செய்தித்தாளைக் கிழித்துப் பொட்டலம் கட்டிக் கொடுப்போம். வயிற்றுக்கு மிக்சர் வேண்டும் என்றால் நோயாளி வீட்டிலிருந்து பாட்டில் கொண்டுவர வேண்டும். அதில் முன்பு மண்ணெண்ணெய் இருந்ததா, விளக்கெண்ணெய் இருந்ததா என்று மோந்து பார்த்துவிட்டு ஊற்றிக் கொடுத்த நாட்கள் உண்டு.

அப்படிக் கொடுப்பதற்கும் மருந்து இருந்தால்தானே? வருடத்தின் முதல் சில மாதங்களுக்கு இருக்கும், பிறகு அலமாரி காலியாகும். வேண்டிய மருந்து வராது, கேட்காத மருந்து பெட்டி பெட்டியாக வந்து காலாவதியாகும். டாக்டர் வெள்ளைத் துண்டுச் சீட்டில் எழுதி "வெளியே வாங்கிக்கோங்க" என்பார். அவரையும் குறை சொல்ல முடியாது, அவர் கையில் என்ன இருந்தது? அந்தச் சீட்டோடு வெளியே போனவர்களில் பாதிப் பேர் மருந்துக்கடைக்குப் போயிருக்க மாட்டார்கள் என்று எனக்குத் தெரியும். போனவர்கள் பித்தளை அண்டாவை அடகு வைத்திருப்பார்கள், அல்லது ஐந்து நாளைக்கு எழுதியதில் இரண்டு நாள் மருந்தை மட்டும் வாங்கியிருப்பார்கள். பாதியில் விட்ட மருந்தால் நோய் தீராது. காசநோய் போன்றவற்றில் கிருமிகள் அந்த மருந்துக்குப் பழகிவிடும், பிறகு அதே மருந்து வேலை செய்யாது.

இந்த நிலையை மாற்றியது ஒரு கண்டுபிடிப்போ பெரிய கட்டடமோ இல்லை. கொள்முதல் முறையை மாற்றினார்கள், அவ்வளவுதான். 1994இல் தமிழ்நாடு மருத்துவப் பணிகள் கழகம் என்ற அரசு நிறுவனத்தை உருவாக்கினார்கள். அப்போது சுகாதாரத் துறைச் செயலாளராக இருந்த பூர்ணலிங்கம் ஐ.ஏ.எஸ். இதற்கு முக்கியக் காரணம். 1995 தொடக்கத்திலிருந்து மருந்து அந்தக் கழகம் வழியாக வரத் தொடங்கியது. அதன் வேலைமுறையைக் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன், ஏனென்றால் பொதுமக்களுக்கு இது கண்ணில் படாத வேலை.

முதலில் பட்டியல். சந்தையில் ஆயிரக்கணக்கான பிராண்டுகள் இருக்கின்றன. உண்மையில் தேவைப்படுகிற மருந்துகள் சில நூறுதான். அவற்றை நிபுணர்கள் தேர்ந்தெடுத்து, பிராண்டுப் பெயர் இல்லாமல் மூலப்பெயரில் பட்டியல் போடுவார்கள். பிறகு மாநிலம் முழுவதற்கும் ஒரே டெண்டர். கம்பெனிகள் இரண்டு உறைகளில் விண்ணப்பிக்க வேண்டும். முதல் உறையில் அந்தக் கம்பெனிக்குத் தகுதி இருக்கிறதா, தொழிற்சாலை ஒழுங்காக இருக்கிறதா என்பதற்கான ஆவணங்கள். அதில் தேறினால்தான் இரண்டாவது உறையைத் திறந்து விலையைப் பார்ப்பார்கள். கோடிக்கணக்கில் மொத்தமாக வாங்கும்போது விலை எப்படி இறங்கும் என்று நினைக்கிறீர்கள்? ரத்தக் கொதிப்புக்கான அம்லோடிபின், சர்க்கரைக்கான மெட்ஃபார்மின் போன்றவற்றில் ஒரு மாத்திரை ஒரு ரூபாய்க்கும் வெகு கீழே வந்துவிடுகிறது. கடையில் அதே மருந்தை விற்கும்போது விளம்பரம், விற்பனைப் பிரதிநிதி, மொத்த வியாபாரி, சில்லறை வியாபாரி என்று வழியில் நிற்கிற ஒவ்வொருவர் பங்கும் விலையில் ஏறிக்கொள்கிறது.

வந்த மருந்து நேராக எங்களிடம் வராது. மாவட்டக் கிடங்குக்கு வரும். அங்கே ஒவ்வொரு உற்பத்தித் தொகுதியிலிருந்தும் மாதிரி எடுத்து, கம்பெனிப் பெயரை மறைத்து ரகசியக் குறியீடு போட்டுப் பரிசோதனைக் கூடத்துக்கு அனுப்புவார்கள். சோதிக்கிறவருக்கு யாருடைய மருந்தைச் சோதிக்கிறோம் என்று தெரியாது. தேறினால்தான் கிடங்கிலிருந்து வெளியே வரும். தகர டின் போய் அட்டை வந்தது. ஒவ்வொரு அட்டையிலும் தமிழ்நாடு அரசு முத்திரையும் விற்பனைக்கு அல்ல என்ற எச்சரிக்கையும் இருக்கும். முன்பெல்லாம் அரசு மருந்து இரவோடு இரவாகக் கடைக்குப் போய்விடும் என்கிற பேச்சு ஊரெங்கும் உண்டு. முத்திரை குத்திய அட்டையை எந்தக் கடைக்காரர் துணிந்து அலமாரியில் அடுக்குவார்?

எங்களுக்குக் கிடைத்தது பாஸ்புக். வங்கிக் கணக்குப் புத்தகம் போலவே இருக்கும். இந்த சுகாதார நிலையத்துக்கு இந்த வருடம் இவ்வளவு ரூபாய்க்கு மருந்து எடுக்க உரிமை உண்டு என்று முதலிலேயே எழுதியிருக்கும். இன்டென்ட் என்கிற கோரிக்கைச் சீட்டுப் போட்டு மருந்து எடுக்க எடுக்க, அந்த மதிப்பு கழிந்துகொண்டே வரும். கிடங்கில் என்ன இருக்கிறது, எது தீரப்போகிறது என்பது அந்தக் காலத்திலேயே கணினியில் ஏறியது. முன்பு மேலிடம் தள்ளியதை நாங்கள் வாங்கிக்கொண்டோம். பாஸ்புக் வந்த பிறகு எங்கள் ஊருக்கு எது வேண்டும் என்பதை நாங்கள் கேட்டு வாங்கினோம். அடிவாரத்தில் மழை விட்டதும் காய்ச்சலும் வயிற்றுப்போக்கும் வரும். மல்லாட்டை (வேர்க்கடலை) அறுவடைக் காலத்தில் பாம்புக்கடியும் தேள்கடியும் வரும். அது சென்னையில் இருப்பவருக்குத் தெரியாது, எனக்குத் தெரியும். கையில் பாஸ்புக் இருந்ததால் அந்தத் தெரிதலுக்கு ஒரு பயன் கிடைத்தது.

இந்த முறையைப் பார்த்துக் கேரளம் தனக்கொரு கழகம் அமைத்தது. ராஜஸ்தான் 2011 அக்டோபர் 2இல் முதலமைச்சரின் இலவச மருந்துத் திட்டத்தை இதே வழியில் தொடங்கியது. அந்தச் செய்தியைப் படித்த அன்று எனக்கு உண்டான பெருமிதத்தை இன்றும் மறைக்கத் தெரியவில்லை.

மருந்து சீராகக் கிடைத்தால் என்ன நடக்கும் என்பதற்குச் சென்னையில் நடந்த ஒரு ஆராய்ச்சியே சாட்சி. 1956இல் சேத்துப்பட்டில் காசநோய் மருந்தாராய்ச்சி மையம் ஒன்று தொடங்கப்பட்டது. இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம், சென்னை மாநில அரசு, உலக சுகாதார நிறுவனம், பிரிட்டன் மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் ஆகியவை சேர்ந்து நடத்திய மையம் அது. அப்போதெல்லாம் காசநோய் என்றால் தாம்பரம் சானடோரியம் மாதிரியான இடத்தில் மாதக்கணக்கில் படுக்க வேண்டும், நல்ல காற்று, பால், முட்டை, முழு ஓய்வு வேண்டும் என்பது வைத்தியம். அவ்வளவு படுக்கைக்கு நாட்டில் எங்கே போவது? நோயாளிகளை இரண்டு பிரிவாகப் பிரித்தார்கள். ஒரு பிரிவு சானடோரியத்தில், இன்னொரு பிரிவு சொந்த வீட்டில். வீடு என்றால் நெரிசலான குடிசை, அரைகுறைச் சாப்பாடு. இரண்டு பிரிவுக்கும் ஒரு வருடத்துக்கு ஒரே மருந்து. 1959இல் முடிவு வெளியானது. வீட்டில் இருந்தவர்களும் ஏறக்குறைய அதே அளவுக்குக் குணமாகியிருந்தார்கள். வீட்டிலிருந்த மற்றவர்களுக்கும் அதனால் கூடுதலாக நோய் பரவவில்லை. உலகம் முழுக்கக் காசநோய் வைத்தியத்தின் போக்கை இது திருப்பிவிட்டது.

இதில் நான் கவனித்துப் படித்த இடம் வேறு. வீட்டிலிருந்த நோயாளிகள் வாராவாரம் மையத்துக்கு வந்து மருந்து வாங்கினார்கள். வராதவர் வீட்டுக்கு ஆள் போனது. குடிசை, பசி, கூலி வேலை எல்லாவற்றையும் தாண்டி மருந்து வேலை செய்ததற்குக் காரணம், அது நிற்காமல் போய்ச் சேர்ந்ததுதான். ஏழைக்கு ஒழுங்காக மருந்து சாப்பிடத் தெரியாது என்று இன்றும் பேசுகிறவர்கள் உண்டு. அறுபது வருடங்களுக்கு முன்பே சென்னைக் குடிசைவாசிகள் அந்தப் பேச்சுக்குப் பதில் சொல்லிவிட்டார்கள்.

இப்போது நம்மை வாட்டுவது சர்க்கரையும் ரத்தக் கொதிப்பும். இந்திய மருத்துவ ஆராய்ச்சிக் கழகம் நடத்திய ஆய்வு 2023இல் வெளியானது. நாட்டில் சுமார் 10 கோடிப் பேருக்குச் சர்க்கரை நோய் என்று அது சொன்னது. இது பணக்கார வியாதி என்கிற பேச்சு என் ஜன்னலில் என்றோ பொய்த்துவிட்டது. களை எடுக்கிற பெண்கள், செங்கல் சூளையில் வேலை செய்கிறவர்கள், மலையிலிருந்து இறங்கிவருகிறவர்கள் எல்லோருக்கும் இருக்கிறது. இந்த நோய்களின் குணம் என்னவென்றால், முதல் நாள் மாத்திரைக்கும் பத்தாவது வருட மாத்திரைக்கும் ஒரே மதிப்பு. இடையில் நிறுத்தினால் வலிக்காது. வலிக்காததால் நிறுத்திவிடுவார்கள். பிறகு ஒருநாள் கை விழும், அல்லது கால் விரல் கறுக்கும், அல்லது சிறுநீரகம் போகும்.

காப்பீடு எங்கே உதவுகிறது, எங்கே உதவவில்லை என்பது இங்கேதான் தெரிகிறது. தமிழ்நாட்டில் 2009இல் கலைஞர் காப்பீட்டுத் திட்டம் வந்தது, 2012இல் முதலமைச்சரின் விரிவான மருத்துவக் காப்பீட்டுத் திட்டம் வந்தது, 2018இல் மத்திய அரசின் ஆயுஷ்மான் பாரத் வந்தது. ஆயுஷ்மான் பாரத்தில் குடும்பத்துக்கு வருடம் 5 லட்சம் ரூபாய் வரை சிகிச்சை. இதய அறுவை சிகிச்சை செய்துகொண்டு திரும்பிய குழந்தைகளை என் கண்ணால் பார்த்திருக்கிறேன், அந்தத் தாய்மார்களின் முகத்தைப் பார்த்த யாரும் இந்தத் திட்டங்களைக் குறைத்துப் பேச மாட்டார்கள். ஆனால் அந்தக் காப்பீட்டு அட்டை பெரும்பாலும் ஆஸ்பத்திரியில் படுத்தால்தான் பேசும். படுக்காமல் இருப்பதற்காகத் தினமும் போட வேண்டிய மாத்திரைக்கு அது பணம் தராது. சிறுநீரகம் கெட்டபின் டயாலிசிஸுக்குத் தரும், கெடாமல் காக்கிற மாத்திரைக்குத் தராது. நாட்டின் சுகாதாரச் செலவுக் கணக்கைப் பாருங்கள். 2013–14இல் மொத்தச் செலவில் 64 சதவீதத்துக்கு மேல் மக்கள் சொந்தக் கையிலிருந்து கொடுத்தார்கள். 2021–22இல் அது 39.4 சதவீதமாக இறங்கியிருக்கிறது, சந்தோஷம். இன்னமும் பத்து ரூபாயில் நாலு ரூபாய் நோயாளியின் மடியிலிருந்துதான் போகிறது. அப்படிப் போகிற பணத்தில் பெரிய பங்கு மருந்துக்கு.

இந்தக் குறையை உணர்ந்து செய்த வேலை என்று 'மக்களைத் தேடி மருத்துவம்' என்ற தமிழ்நாடு அரசின் திட்டத்தைச் சொல்வேன். 2021 ஆகஸ்ட் 5இல் கிருஷ்ணகிரி மாவட்டம் சாமனப்பள்ளியில் தொடங்கியது. மகளிர் சுகாதாரத் தன்னார்வலர் வீடு வீடாகப் போய் பிரஷர் பார்க்கிறார், சர்க்கரை பார்க்கிறார், மாத்திரையை வாசலில் கொடுக்கிறார். படுத்த படுக்கையாக இருப்பவருக்கு நோவு தணிப்புச் சிகிச்சையும் இயன்முறைச் சிகிச்சையும் வீட்டுக்கே வருகின்றன. 2024இல் ஐக்கிய நாடுகள் சபையின் விருதும் இதற்குக் கிடைத்தது. வராதவர் வீட்டுக்கு ஆளை அனுப்பிய அந்தச் சேத்துப்பட்டு ஆராய்ச்சியின் பாடத்தை மாநிலம் முழுக்க விரித்ததாகவே இதைப் பார்க்கிறேன். ஆனால் ஊர் ஊராக நடக்கிற அந்தப் பெண்களுக்குக் கொடுப்பது ஊக்கத்தொகை. நிரந்தர வேலையை நிரந்தரமில்லாத ஆட்களை வைத்து எவ்வளவு காலம் நடத்துவது? வருடக்கணக்கில் தொடர வேண்டிய மருந்தைக் கொண்டுபோகிறவரின் வேலையும் தொடர வேண்டும் அல்லவா?

இதெல்லாம் அரசாங்கம் மனமிரங்கிச் செய்கிற தர்மமா என்றால் இல்லை. நாட்டின் சுகாதார நிலையை ஆராய 1943இல் அமைத்த போர் (Bhore) கமிட்டி 1946இல் கொடுத்த அறிக்கை, காசில்லாத காரணத்தால் ஒருவருக்கும் மருத்துவம் கிடைக்காமல் போகக்கூடாது என்பதையே அடிப்படையாக வைத்தது. நம் ஆற்காடு லட்சுமணசாமி முதலியார் அந்தக் கமிட்டியில் ஓர் உறுப்பினர். அதற்கும் முன்னால் 1939இலேயே சென்னை மாகாணம் பொதுச் சுகாதாரச் சட்டம் கொண்டுவந்தது, நாட்டில் இப்படியொரு சட்டத்துக்கு அதுவே முன்னோடி. அரசியல் சாசனத்தின் 47ஆவது பிரிவு, பொதுச் சுகாதாரத்தை மேம்படுத்துவது அரசின் முதன்மைக் கடமைகளில் ஒன்று என்கிறது. அது வழிகாட்டும் நெறிதானே, அதை வைத்து வழக்குப் போட முடியுமா என்று கேட்பவர்கள் ஹகீம் ஷேக்கின் வழக்கைத் தெரிந்துகொள்ள வேண்டும்.

அவர் மேற்கு வங்காளத்து விவசாயக் கூலித் தொழிலாளி. 1992 ஜூலையில் ரயிலிலிருந்து விழுந்து தலையில் பலத்த அடி. ஆரம்ப சுகாதார நிலையத்துக்குத் தூக்கிப்போனார்கள், வசதி இல்லை என்றார்கள். அங்கிருந்து ஒன்றன்பின் ஒன்றாக அரசு ஆஸ்பத்திரிகள். ஓர் இடத்தில் படுக்கை இல்லை, இன்னோர் இடத்தில் கருவி இல்லை. கடைசியில் தனியார் மருத்துவமனையில் சேர்த்து ஏறத்தாழ 17,000 ரூபாய் செலவழித்துப் பிழைத்தார். அவருடைய தொழிலாளர் சங்கம் உச்ச நீதிமன்றத்துக்குப் போனது. 1996இல் தீர்ப்பு. அவசர சிகிச்சை மறுக்கப்பட்டது சாசனத்தின் 21ஆவது பிரிவு தருகிற உயிர் வாழும் உரிமையை மீறிய செயல் என்று நீதிமன்றம் சொன்னது. 25,000 ரூபாய் இழப்பீடு கொடுக்கச் சொன்னது. நிதி இல்லை என்று காரணம் காட்டி அரசு இந்தக் கடமையிலிருந்து நழுவ முடியாது என்றும் சொன்னது. ஒரு கூலித் தொழிலாளியின் உடைந்த தலையிலிருந்து நம் எல்லோருக்கும் கிடைத்த தீர்ப்பு அது. 2023இல் ராஜஸ்தான் சுகாதார உரிமைக்கென்றே தனிச்சட்டம் கொண்டுவந்தது. தமிழ்நாட்டில் நடைமுறையில் பாதிக்கு மேல் செய்துவிட்டோம், ஆனால் சட்டமாக எழுதி வைக்கவில்லை. எழுதி வைக்க வேண்டும் என்பது என் கட்சி. செய்கிற வரைக்கும் செய்வார்கள், நிறுத்தினால் யாரைக் கேட்பது?

அவசரம் என்றதும் பாம்புக்கடி ஞாபகம் வருகிறது. அந்தி நேரத்தில் மல்லாட்டைக் கொடி பிடுங்கிக்கொண்டிருந்தவரைக் கட்டுவிரியன் கடித்துத் தூக்கிவந்தார்கள். கடித்த இடத்தில் வீக்கம்கூடச் சரியாக இல்லை. கட்டுவிரியன் கடி அப்படித்தான் ஏமாற்றும். கண் இமை சரியத் தொடங்கியிருந்தது. நச்சுமுறிவு மருந்து அலமாரியில் இருந்தது. அது உறைய வைத்து உலர்த்திய பொடி மருந்து, கிருமி நீக்கிய தண்ணீரைச் சேர்த்து நுரைக்காமல் மெதுவாகச் சுழற்றிக் கரைக்க வேண்டும். குலுக்கக் கூடாது. ஒரு ஆளுக்கு ஆரம்பத்திலேயே பத்துக் குப்பி வரை தேவைப்படும். நர்ஸம்மாவும் நானும் கரைக்கக் கரைக்க டாக்டர் டிரிப்பில் ஏற்றினார். 108 வந்து பெரிய ஆஸ்பத்திரிக்கு ஏற்றிப்போனது. மனிதர் பிழைத்து வந்து அடுத்த மாதம் ஒரு படி மல்லாட்டை கொடுத்துவிட்டுப் போனார்.

அந்த மருந்து எங்கிருந்து வருகிறது என்பது பலருக்குத் தெரியாது. பாம்பின் விஷத்தைக் குதிரைக்குச் சிறிது சிறிதாகச் செலுத்தி, அதன் ரத்தத்தில் உண்டாகிற எதிர்ப்புப் பொருளைப் பிரித்தெடுக்கிறார்கள். இந்தியாவில் அந்த விஷத்துக்கு நெடுங்காலமாக முக்கிய ஆதாரம், செங்கல்பட்டு மாவட்டம் வடநெம்மேலியில் இருக்கிற இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம். 1978இல் தொடங்கிய சங்கம். நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கையும் பிடித்து, விஷம் எடுத்து, மறுபடியும் காட்டில் விடுகிறார்கள். வடிவேல் கோபால், மாசி சடையன் என்ற இரண்டு இருளர்களுக்கு 2023இல் பத்மஸ்ரீ கிடைத்தது. நாட்டுக்கே உயிர் மருந்து தருகிற சமூகத்தின் கர்ப்பிணிகள், இரும்புச்சத்து மாத்திரைக்காக எத்தனை கிலோமீட்டர் நடக்கிறார்கள் என்று யாராவது கணக்கெடுத்தால் நல்லது.

தூரம் இன்னும் தீரவில்லை. சமவெளியில் 30,000 பேருக்கும் மலையில் 20,000 பேருக்கும் ஓர் ஆரம்ப சுகாதார நிலையம் என்பது விதி. மலையில் 20,000 பேர் என்றால் எத்தனை மேடு, எத்தனை ஓடை என்பது அந்த விதியில் இல்லை. நேரமும் ஒரு தூரம்தான். கூலிக்குப் போகிறவருக்குப் பகல் ஓ.பி. என்றால் ஒரு நாள் கூலி போச்சு. இலவச மாத்திரைக்கு அவர் கொடுக்கிற விலை அந்த ஒரு நாள் கூலி. நகரங்களில் மாலை நேர ஓ.பி. நடக்கிறது, அதைக் கிராமத்திலும் வாரத்தில் சில நாளாவது நடத்தலாம். இன்சுலின் இன்னொரு சிக்கல். நாங்கள் குளிர்பெட்டியில் பொத்திப் பொத்தி வைத்துக் கொடுப்போம், வாங்கிப்போகிறவர் வீட்டில் ஃபிரிட்ஜ் இருக்காது. மண்பானைக்குள் ஈர மணல் போட்டு, நடுவில் சின்னச் சட்டியில் குப்பியை வைத்து, தண்ணீர் தெளித்துக்கொண்டே இருங்கள் என்று சொல்லித் தருவோம். அது வேலை செய்கிறது. ஆனால் சொல்லித் தர ஆள் வேண்டும், நேரம் வேண்டும். மருந்தாளுநர் பணியிடம் காலியாக இருக்கிற இடத்தில் யார் சொல்வார்கள்? நான் வேலை பார்த்த ஓர் இடத்தில் என்னை வாரத்தில் சில நாட்கள் வேறு நிலையத்துக்கும் அனுப்பினார்கள். நான் இல்லாத நாட்களில் நர்ஸே மாத்திரையும் கொடுத்தார். பிரசவம் பார்க்கிற கையால் எத்தனை பேருக்கு நின்று நிதானமாக விளக்க முடியும்?

பணம் எங்கே என்று கேட்பார்கள். 2017 தேசிய சுகாதாரக் கொள்கை, அரசாங்கங்கள் சுகாதாரத்துக்குச் செலவழிப்பது 2025க்குள் நாட்டின் மொத்த உற்பத்தியில் 2.5 சதவீதமாக உயரும் என்று சொன்னது. 2021–22இல், கொரோனா செலவெல்லாம் சேர்த்தே அது 1.84 சதவீதம்தான். நாட்டிடம் பணமில்லாத குறை என்று இதை நான் எடுத்துக்கொள்ளவில்லை, ஏனென்றால் மக்கள் அந்தப் பணத்தை எப்படியும் செலவழிக்கத்தான் செய்கிறார்கள். கந்துவட்டி வாங்கி, தாலிக்கொடியை அடகு வைத்துத் தனித்தனியாகச் செலவழிக்கிறார்கள். அதையே வரியாகச் சேர்த்து மொத்தமாக வாங்கினால் எவ்வளவு மலிவு என்பதைத் தமிழ்நாட்டு மருந்துக் கிடங்குகள் 1995இலிருந்து காட்டிக்கொண்டிருக்கின்றன.

ஓய்வுக்குப் பிறகு நான் செய்கிற ஒரு வேலை, கிராம சபைக்குப் போவது. ஜனவரி 26, மே 1, ஆகஸ்ட் 15, அக்டோபர் 2 போன்ற நாட்களில் நடக்கிற கூட்டங்களில் தெருவிளக்கும் குடிநீரும் பேசுவார்கள், மருந்தைப் பற்றி யாரும் பேச மாட்டார்கள். ஒரு கூட்டத்தில் நான் எழுந்து கேட்டேன். நம் சுகாதார நிலையத்தில் எந்த மருந்து இருக்கிறது, எது தீர்ந்துபோச்சு என்பதை ஒவ்வொரு மாதமும் வாசல் பலகையில் எழுதிப்போட வேண்டும், காலியாக இருக்கிற பணியிடங்களையும் அதிலேயே எழுத வேண்டும் என்று தீர்மானம் போடச் சொன்னேன். தலைவர் யோசித்தார். அப்போது பின்னாலிருந்து, நிறம் மாறினால் மாத்திரை வாங்காத பாட்டிகளில் ஒருவர், "எனக்குப் படிக்கத் தெரியாது. எழுதிப்போடு, என் பேத்தி படிச்சுச் சொல்லும்" என்றார். தீர்மானம் எழுதினார்கள். பலகை இன்னும் வரவில்லை. அடுத்த கூட்டத்துக்கும் இரண்டு பேருமாகப் போவதாக இருக்கிறோம்.